பொரியில் விழுந்த கடைவாய்ப்பல்

போன மாதம் என் பழைய அலுவலகத்திலிருந்து ஒரு பெண் தொலைபேசியில் கூப்பிட்டாள். வேலையில் சேர்ந்து கொஞ்ச நாள்தான் ஆகிறதாம். காட்சியகத்தில் இனிமேல் மிருகங்கள் திரையில் ஓடப் போகின்றன, கம்ப்யூட்டரில் செய்துகொண்டிருக்கிறோம், நீங்கள் கண்டுபிடித்ததும் அதில் வருகிறது என்றாள். சந்தோஷம் என்றேன். “மேடம், அது என்ன கலர்?” என்று கேட்டாள். தெரியாது என்றேன். வால் நீளமா, குட்டையா? தெரியாது. காது நிமிர்ந்திருக்குமா, தொங்குமா? தெரியாது. எப்படிக் கத்தும்? அதுவும் தெரியாது. கடைசியில் பொறுமை போய், “அப்ப என்னதான் மேடம் தெரியும்?” என்றாள். மேல்தாடையின் வலதுபக்கத்துக் கடைவாய்ப்பல் ஒன்று தெரியும் என்றேன். அப்புறம் கூப்பிடுகிறேன் என்று வைத்துவிட்டாள். இன்னும் கூப்பிடவில்லை.

அவளைக் குறை சொல்லிப் பிரயோசனமில்லை. டைனோசர்கள் நடமாடிய காலத்தின் கடைசியில், அவற்றின் காலடியில் மிதிபடாமல் பூச்சி பிடித்துத் தின்று பிழைத்த ஒரு சின்னப் பாலூட்டி அது. உலகத்தில் அதற்கு மிஞ்சிய ஒரே சாட்சி, உடைந்த அரிசிமணி அளவில் ஒரு பல். பாலூட்டியின் கடைவாய்ப்பல் சாவி மாதிரி. மேல்பல்லின் மேடு கீழ்ப்பல்லின் பள்ளத்தில் கச்சிதமாக உட்கார வேண்டும். இனத்துக்கு இனம் அந்த மேடு பள்ளம் மாறும். சாவியைப் பார்த்து எந்த வகைப் பூட்டு என்று சொல்லிவிடலாம். அந்தப் பூட்டு தொங்கிய வீட்டுக்கு எத்தனை ஜன்னல், சுவருக்கு என்ன வர்ணம் என்று சொல்ல முடியாது. என் உத்தியோக வாழ்க்கையில் பெரும்பகுதி இந்த வித்தியாசத்தை மேலிடத்துக்கு விளக்குவதிலேயே போயிற்று.

என் அப்பாவுக்கும் விளக்கிப் பார்த்தேன். திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து தி. நகரில் சின்னதாக ஒரு ஜவுளிக்கடை வைத்திருந்தவர் அவர். நான் நிலவியல் எடுத்ததையே அவர் ஒரு விபத்தாகத்தான் நினைத்தார். மண்ணைப் பற்றிப் படிக்க வேண்டுமானால் ஊரில் கிடந்த வயலை விற்றிருக்க வேண்டாமே என்பார். பட்டம் வாங்கி, அதற்கு மேல் பட்டம் வாங்கி, கல்லை நாக்கில் வைத்து ஒட்டினால் எலும்பு, ஒட்டாவிட்டால் கல் என்று கண்டுபிடிக்கும் வித்தை வரைக்கும் கற்று முடித்தேன். ஒற்றைப் பல்லை வைத்து மிருகத்தை அடையாளம் காணலாம் என்று சொன்னபோது அவர் கல்லாவிலிருந்து தலையைத் தூக்கினார். “ஏட்டி வடிவு, ஒத்தப் பித்தானக் காட்டி சட்டைக்குக் காசு கேட்டா எவன் குடுப்பான்?” என்றார். அரசாங்கம் கொடுத்தது. சட்டையையும் அதுவே தைத்துப் போட்டுக்கொண்டது, அந்தக் கதைக்குத்தான் வருகிறேன்.

நான் வேலை பார்த்தது மயிலாப்பூருக்கும் தேனாம்பேட்டைக்கும் நடுவில் ஒரு சந்தில். பழைய பங்களாவின் முன்பகுதி காட்சியகம், பின்பகுதி அலுவலகம், கொல்லைப்புறத்தில் தகரக் கொட்டகை போட்ட என் தொல்லுயிர்ப் பிரிவு. இயக்குநர் சபேசன் மயிலாப்பூரிலேயே பிறந்து வளர்ந்தவர். மார்கழியில் கச்சேரி கேட்டுப் பழகிய பழக்கம், அலுவலகத்திலும் எதையும் கண்ணை மூடிக்கொண்டுதான் கேட்பார். வலது கை மேசையில் தாளம் போடும். நாம் தண்ணீர் இல்லை, மைக்ராஸ்கோப் பல்பு போய்விட்டது, கூரை ஒழுகுகிறது என்று வரிசையாகச் சொல்ல, அவர் சரியான இடத்தில் தலையை ஆட்டி ரசிப்பார். முடித்ததும் கண்ணைத் திறந்து, “ஆகட்டும், பேஷாப் பண்ணலாம்” என்பார். அதற்கு முடியாது என்று அர்த்தம். மனிதர் யாரையும் கடிந்து பேசியதில்லை. ஒரு காரியத்தையும் செய்து கொடுத்ததுமில்லை. புதிதாகச் சேர்ந்தவர்கள் முதல் வருடம் அவரைத் தெய்வம் என்பார்கள், இரண்டாம் வருடம் மாற்றல் கேட்பார்கள்.

இனி தொழிலைச் சொல்ல வேண்டும். அரியலூர்ப் பக்கம் ஓர் ஓடைக்கரையில் நாங்கள் வெட்டி எடுத்த களிமண் மூட்டை மூட்டையாகக் கொல்லையில் அடுக்கியிருந்தது. இந்த வேலையில் சுத்தியலுக்கும் உளிக்கும் இடமில்லை. மண்ணை வெயிலில் நன்றாகக் காயவைத்து, மண்ணெண்ணெயில் ஊறவைத்து, வடித்துவிட்டுத் தண்ணீர் ஊற்றினால் மண் தானாகப் பிரிந்து சேறாகும். அதைச் சல்லடைமேல் சல்லடையாக வைத்து, கையால் பிசையாமல், மேலிருந்து தண்ணீர் விட்டே கழுவ வேண்டும். பிசைந்தால் உள்ளே இருப்பது உடைந்து போகும். கடைசிச் சல்லடையில் தங்கும் பொடிக்கல்லை, எங்கள் பாஷையில் கப்பியை, நிழலில் உலர்த்தி, கறுப்புத் தட்டில் தூவி, மைக்ராஸ்கோப்பில் பார்த்துக்கொண்டே ஈரத் தூரிகை நுனியால் ஒவ்வொன்றாகத் தொட்டு எடுக்க வேண்டும். ஒரு மூட்டை மண்ணுக்கு ஒரு கைப்பிடி கப்பி மிஞ்சும். அந்தக் கைப்பிடியிலும் மீன்செதிள், ஆமையோட்டுத் துணுக்கு, முதலைப் பல் என்றுதான் வரும். பாலூட்டி வருமா என்பது அவரவர் தலையெழுத்து.

இதற்கெல்லாம் தண்ணீர் வேண்டும். தொண்ணூறுகளின் சென்னையில் தண்ணீர் கேட்பது எப்படிப்பட்ட காரியம் என்று அப்போது இங்கே இருந்தவர்களுக்குச் சொல்ல வேண்டாம். தெருவே பிளாஸ்டிக் குடத்தோடு லாரிக்குக் காத்து நிற்கும்போது நாங்கள் அந்த லாரியில் வாங்கிய தண்ணீரை மண்ணுக்கு ஊற்றுவோம். எதிர்வீட்டு மாடியிலிருந்து இதைப் பார்த்தவர்கள் எங்கள் அலுவலகத்துக்குச் சித்தம் கலங்கிவிட்டது என்றே முடிவு கட்டினார்கள். என்னோடு தினக்கூலிக்கு வேலை பார்த்த கஸ்தூரி ராயப்பேட்டைக்காரி. யார் வாய்க்கும் பயந்தவள் இல்லை. ஒருநாள் மாடியைப் பார்த்து அவளே குரல் கொடுத்தாள்: “இன்னாம்மா பாக்கறீங்க, மண்ணக் குளிப்பாட்டிக்கினு கீறோம், எண்ணெ வெச்ச உடம்பு.” அதற்குப் பிறகு மாடியில் யாரும் நிற்கவில்லை.

பல் கிடைத்த நாளில் மேளதாளம் எதுவும் இல்லை. கஸ்தூரி தன் தட்டில் பார்த்துக்கொண்டிருந்தவள், “மேடம், இது இன்னான்னு பாரு, கல்லும் இல்ல செதிளும் இல்ல, மூணு கூரு வெச்சிக்கினு கீது” என்றாள். நான் குனிந்து பார்த்தேன். மூன்று கூர்முனைகள் முக்கோணமாக, நடுவில் பள்ளம், பளபளவென்று பழுப்பு எனாமல். நான் நிமிரவே இல்லை. எத்தனை நேரம் அப்படியே இருந்தேனோ தெரியாது, கஸ்தூரி என் தோளைத் தொட்டு டீ ஆறிவிட்டது என்றபோதுதான் நான் மூச்சை இழுத்துவிட்டேன். அத்தனை கோடி வருடங்களுக்குப் பிறகு அந்தப் பிராணி இருந்தது என்று தெரிந்த ஆட்கள் அப்போது நாங்கள் இரண்டே பேர்தான். அந்த நினைப்பில் எனக்கு வந்த கர்வம் பட்டம் வாங்கிய அன்றுகூட வந்ததில்லை.

சபேசனிடம் போய்ச் சொன்னேன். கண்ணை மூடிக் கேட்டார். பிராணி ஏறக்குறைய மூஞ்சூறு அளவு இருந்திருக்கலாம் என்று நான் சொன்ன இடத்தில் தாளம் நின்றது. கண்ணைத் திறந்தார்.

“மூஞ்சூறா? பிள்ளையார் வாகனமோன்னோ அது!”

அளவு மட்டும்தான் அப்படி, சொந்தபந்தம் கிடையாது என்று விளக்கினேன். விளக்கம் அவர் காதில் ஏறவில்லை. அன்று சாயங்காலமே வாசல் கேட்டுக்குப் பக்கத்தில், தெருவில் போகிறவர்களுக்குத் தெரிகிற மாதிரி, பிராணிக்கு ஒரு பெரிய உருவம் வைப்பதென்று தீர்மானமாகிவிட்டது. அவர் செய்து கொடுப்பதாகச் சொல்லி நிஜமாகவே செய்த ஒரே காரியம் அதுதான்.

வடபழனியிலிருந்து சினிமா செட் போடுகிற கோபால் என்பவர் வந்தார். என்னிடம் மரியாதையாக, மேடம் எலி மாதிரி செய்யட்டுமா, கீரி மாதிரி செய்யட்டுமா என்று கேட்டார். விரல் நீளத்துக்குச் செய்யுங்கள், பல்லைத் தவிர மற்றதெல்லாம் ஊகம் என்று பக்கத்தில் எழுதி வையுங்கள் என்றேன். விரல் நீளத்தில் வைத்தால் காக்கா தூக்கிக்கொண்டு போய்விடும் என்றார் சபேசன். கன்றுக்குட்டி அளவு என்று முடிவாயிற்று. கோபாலிடம் ஏதோ பக்திப் படத்துக்குச் செய்த கரடியின் அச்சு சும்மா கிடந்தது. உடம்புக்கு அது ஆயிற்று. மூக்கை மட்டும் இழுத்து நீட்டினார்கள். மிச்சம் இருந்த சாம்பல் பெயிண்ட்தான் அதன் நிறம். அந்தத் தொலைபேசிப் பெண்ணுக்கு இதைச் சொல்லியிருக்கலாம், பாவம், பயந்துவிடுவாள் என்று விட்டுவிட்டேன்.

எனக்கு உருவத்தைப் பற்றிக் கவலையில்லை. என் கவலையெல்லாம் கொல்லையில் மீதியிருந்த மூட்டைகள். ஒரு மூட்டையில் பல் வந்தால், அதே இடத்து அடுத்த மூட்டையில் தாடை வரலாம், காதெலும்பு வரலாம், காலெலும்பு வரலாம். பிராணி எப்படிக் கடித்தது என்பதோடு எப்படிக் கேட்டது, எப்படி நடந்தது என்பதும் தெரியவரும். நாங்கள் வெட்டிய ஓடைக்கரையோ அதற்குள் சுண்ணாம்புச் சுரங்கத்துக்குள் போய்விட்டது. இனி உலகத்தில் அந்த மண் அந்த மூட்டைகளில் மட்டும்தான் இருந்தது. மூட்டை தீரும்வரை கஸ்தூரிக்கும் கூலி உண்டு. நான் கெஞ்சிக் கேட்டதில் சபேசன் ஒரு வாக்குக் கொடுத்தார். வெளிநாட்டிலிருந்து இந்தத் துறையின் பெரிய நிபுணர் ஒருவர் சரஸ்வதி பூஜை விடுமுறை முடிந்ததும் வரப் போகிறார். அவர் பல்லைப் பார்த்து ஆமாம் என்று சொல்லிவிட்டால் மூட்டைகளுக்கெல்லாம் தண்ணீர் லாரி. சொல்லாவிட்டால் கொட்டகை காலி, இடம் கேன்டீனுக்கு. கேன்டீன்காரர் அதற்குள்ளேயே வந்து அளந்துவிட்டுப் போயிருந்தார்.

விடுமுறைக்கு முந்தின நாள் அலுவலகத்தில் ஆயுத பூஜை. அன்று காலை என்னைச் சபேசன் தி. நகருக்கு அனுப்பினார். நிபுணருக்குப் போர்த்தப் பொன்னாடை வாங்க வேண்டும், உங்கள் அப்பாவுக்கு அந்த வியாபாரம் தெரியுமே என்றார். முனைவர் பட்டத்தின் பயன் இப்படியும் ஒருநாள் தெரியும் என்று நான் எதிர்பார்க்கவில்லை. பண்டிகைக் கூட்டத்தில் நீந்திப் போய், அப்பாவிடம் பேச்சு வாங்கி, பொன்னாடையோடு திரும்பியபோது பூஜை முடிந்திருந்தது. தட்டச்சு இயந்திரம், ஸ்டேப்ளர், காகிதம் துளைக்கும் இயந்திரம், என் மைக்ராஸ்கோப் எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம். நடுவில் பல் வைத்திருந்த கண்ணாடிக் குப்பி. திறந்திருந்தது. உள்ளே பஞ்சு மட்டும் இருந்தது.

சபேசன் நிதானமாகச் சொன்னார். இந்த ஆபீஸில் இருக்கிற ஆயுதங்களிலேயே உசத்தி அந்தப் பல்தான். அதைப் பூஜையில் வைக்காமல் ஸ்டேப்ளரை வைத்தால் நன்றாகவா இருக்கும்? குப்பிக்குள் இருந்தால் சந்தனம் படாது, அதனால் வெளியே எடுத்து ஒரு வெற்றிலையில் வைத்துப் பொட்டு இட்டாராம். வெற்றிலையைப் பொரித் தாம்பாளத்தின்மேல் வைத்தாராம். வெற்றிலை இருக்கிறது, பார்த்தீர்களா என்று காட்டவும் செய்தார். பொரி எங்கே என்று கேட்டேன். பொட்டலம் கட்டி எல்லாருக்கும் கொடுத்தாயிற்று, எல்லாரும் வீட்டுக்குப் போயாயிற்று.

 காலித் தாம்பாளத்தை வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தேன். அரிசிமணி அளவுப் பல், சந்தனம் பூசிக்கொண்டு, பொரிக்குள். ஒரு கடைவாயில் அரைபட்டால் கதை முடிந்தது. கோடி கோடி வருடம் பூமிக்குள் பத்திரமாக இருந்த ஒன்று எங்கள் பிரசாதத்தில் தொலைந்தது என்று எந்த நிபுணரிடம் போய்ச் சொல்வேன்? “அம்பாள் கிட்ட வெச்சது வீண் போகாது, வடிவம்மா” என்றார் சபேசன். அவர் முகத்திலும் கலவரம் இருந்தது, அதைப் பார்த்த பிறகுதான் எனக்கு நிஜமாகவே பயம் வந்தது.

கஸ்தூரியும் நானும் ஆட்டோ பிடித்தோம். வீடு வீடாகப் போய்ப் பிரசாதத்தைத் திருப்பிக் கேட்பதைவிடக் கேவலமான வேலை நான் செய்ததில்லை. தேனாம்பேட்டையில் தட்டச்சர் வீட்டில் பொரியை வெல்லப்பாகில் உருட்டிவிட்டார்கள். உருண்டைகளை அப்படியே வாங்கிக்கொண்டோம். டிரைவரின் மனைவி பிரிக்காத பொட்டலத்தைக் கொடுத்துவிட்டு, டைரக்டர் பொரியில் ஏதாவது விஷமா என்று காதோடு கேட்டார். கஸ்தூரி எல்லா இடத்திலும் ஒரே பதில் சொன்னாள்: சாமி சாமான் ஒன்று கலந்துவிட்டது. அது பொய்யும் இல்லை.

கடைசியாக அடையாறு. கணக்குப் பிரிவுக் கண்காணிப்பாளர் மாசிலாமணி கன்னத்தில் துணியை வைத்துக்கொண்டு கதவைத் திறந்தார். கன்னம் வீங்கியிருந்தது. அதைப் பார்த்ததும் எனக்கு வயிற்றில் பால் வார்த்தாற்போல் இருந்தது, ஒரு மனிதரின் வீங்கிய கன்னத்தைப் பார்த்துச் சந்தோஷப்பட்டதற்கு இன்றைக்கும் எனக்கு வருத்தமில்லை. பொரியை மென்றுகொண்டே பஸ் நிறுத்தத்துக்கு நடந்தாராம். கடக்கென்று ஏதோ கடிபட்டு, அவருடைய கடைவாய்ப்பல்லில் பாதி கழன்று வந்துவிட்டதாம். உள்ளே போய் ஒரு காகிதப் பொட்டலத்தைக் கொண்டுவந்து பிரித்துக் காட்டினார். நான் ஆசையோடு குனிந்தேன். கஸ்தூரி முந்திக்கொண்டாள்.

“இது உன் பல்லு சார். நாங்க தேடிக்கினு வந்தது வேற பல்லு.”

தன் பல்லை உடைத்த அந்தக் கல்லை என்ன செய்தார் என்று கேட்டேன். சும்மா விடுவேனா என்றார். அப்படியே திரும்பி, அலுவலகத்துக்குப் பொரி வாங்கிய கடைக்கே போய், கடைக்காரரிடம் நியாயம் கேட்டுவிட்டு, கல்லை அவர் கடை வாசலிலேயே வீசிவிட்டு வந்தாராம். அது கல் இல்லை, பல் என்று நான் சொன்னதும் அவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டும். செத்துக் கோடிக்கணக்கான வருடம் ஆன ஒரு சுண்டைக்காய்ப் பிராணி தன் பல்லை உடைத்துவிட்டதை அவர் ஓய்வு பெறும்வரை மன்னிக்கவில்லை.

கடை தெப்பக்குளத்துக்குப் பக்கத்தில். பண்டிகைச் சந்தையில் வாசலே தெரியவில்லை. வாழைக்கன்று, தோரணம், பூசணிக்காய், பொரிக் குவியல், மிதிபட்ட பூ. நாங்கள் துடைப்பம் வாங்கி அந்த வாசலைப் பெருக்க ஆரம்பித்தோம். பெருக்கியதைக் கொட்டாமல் கோணியில் அள்ளிப் போட்டதைப் பார்த்துக் கடைக்காரர் இறங்கி வந்துவிட்டார்.

“இன்னாம்மா, குப்பைய எங்க எட்துக்கினு போறீங்க?”

“ஒரு பல்லு வுயுந்துச்சு நைனா” என்றாள் கஸ்தூரி.

“யாருது?”

“சொன்னா நீ நம்ப மாட்டே.”

மறுநாள் விடுமுறை. காலையிலேயே இருவரும் கொட்டகையில் இருந்தோம். குழாயில் காற்றுதான் வந்தது. லாரிக்கு யாரைக் கேட்பது என்று முழித்துக்கொண்டிருந்தபோது மூன்றுசக்கர மீன்பாடி வண்டி ஒன்று குடம் குடமாகத் தண்ணீரோடு உள்ளே நுழைந்தது, பின்னால் சபேசன் நடந்து வந்தார். “எங்காத்துக் கெணத்துல இன்னும் ஊறிண்டிருக்கு, எடுத்துக்கோங்கோ” என்றார். அந்த ஒரு காலைக்காக அவருடைய எத்தனையோ ‘பேஷாப் பண்ணலாம்’களை நான் மன்னித்திருக்கிறேன். அரியலூர்க் களிமண்ணைக் கழுவிய அதே சல்லடைகளில் மயிலாப்பூர்த் தெருமண்ணைக் கழுவினோம். பிசையாமல், மேலிருந்து தண்ணீர் விட்டு, முறை தவறாமல். நொறுங்கிய வளையல், எலுமிச்சை விதை, பூசணி விதை, கொட்டைப்பாக்குச் சீவல், யாருடைய மூக்குத்தித் திருகோ ஒன்று என்று இந்தக் காலத்துப் படிவுகள் வரிசையாக வந்தன.

கப்பி உலர்ந்தது. மைக்ராஸ்கோப்பிடம் போனேன். சபேசன் கையை நீட்டித் தடுத்தார். பூஜையில் வைத்த கருவி. மறுபூஜை ஆகும்வரை அதில் வேலை செய்யக் கூடாது. அலுவலகத்தில் மற்ற நாட்களில் யாரும் வேலை செய்யாததைப் பற்றி அவருக்குக் கவலை இருந்ததில்லை. அன்றைக்கு ஒருநாள் சாஸ்திரம் குறுக்கே நின்றது. நிபுணர் வர ஒருநாள்தான் இருந்தது.  அவரே கண்ணை மூடிக்கொண்டு யோசித்தார். கை தொடையில் தாளம் போட்டது. ஆவர்த்தனம் முடிந்து கண்ணைத் திறந்தார்.

“வேலைதானே பண்ணப்படாது? நீங்க வேலை பண்ணலை. குனிஞ்சு தரிசனம் பண்றேள்.”

அந்தத் தீர்ப்பின்படி நான் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு தரிசனம் செய்தேன். கஸ்தூரி தட்டை நகர்த்தினாள். குவியத்தைத் திருகும் பொறுப்பைச் சபேசனே ஏற்று, ஒவ்வொரு தடவையும் கன்னத்தில் போட்டுக்கொண்டு திருகினார். தட்டு தட்டாகப் போயிற்று. கழுத்து இற்றுவிடும்போல் ஆன சமயத்தில் மூன்று கூர்முனைகள் தெரிந்தன. முழுசாக இருந்தது. ஒரு முனைகூட உடையவில்லை. அதன் பள்ளத்தில் மட்டும் கழுவியும் போகாத குங்குமம். நான் ஓவென்று அழுதுவிட்டேன். கஸ்தூரி என்னைக் கட்டிக்கொண்டாள், சபேசன் எங்கள் இரண்டு பேரையும் பார்க்காமல் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

நிபுணர் மெலிந்த கிழவர். பொன்னாடையைப் போர்த்தியதும் அதைக் கழற்றலாமா கூடாதா என்று தெரியாமல் அதோடேயே மைக்ராஸ்கோப்பில் குனிந்தார். வெகுநேரம் பார்த்தார். பள்ளத்தில் சிவப்பாக இருக்கிறதே, இரும்புச் சத்துள்ள அடுக்கா என்று ஆங்கிலத்தில் கேட்டார். சமீபத்திய படிவு என்றேன். பொய் சொல்லவில்லை. கடைசியில் நிமிர்ந்து என் கையைப் பிடித்துக் குலுக்கி, புதிய இனம், சந்தேகமே இல்லை என்றார். உடனே அவர் கேட்ட அடுத்த கேள்வி, அதே இடத்து மண் இன்னும் இருக்கிறதா என்பதுதான். கொல்லைக்குக் கூட்டிப் போய் மூட்டைகளைக் காட்டினேன். ஒரு மூட்டையின்மேல் கையை வைத்து, இதை உங்கள் உயிர்போலப் பார்த்துக்கொள்ளுங்கள் என்றார். சபேசனும் கேட்டுக்கொண்டுதான் இருந்தார். தண்ணீர் லாரிக்கு இன்றே ஏற்பாடு என்று அவர் வாயாலேயே சொன்னார்.

மறுநாள் நிபுணருக்கு மாமல்லபுரம் காட்டும்படி எனக்கு உத்தரவு. போனோம். வழியெல்லாம் கிழவர் தாடை கிடைத்தால் என்ன, காதெலும்பு கிடைத்தால் என்ன என்று பேசிக்கொண்டே வந்தார். சிற்பம் எதையும் நாங்கள் சரியாகப் பார்க்கவில்லை. அவரை ஹோட்டலில் விட்டுவிட்டுச் சாயங்காலம் அலுவலகத்துக்கு வந்தேன். கேட்டுக்குப் பக்கத்தில் உருவம் வைக்கச் செங்கல்லில் ஒரு மேடை எழும்பிக்கொண்டிருந்தது, முந்தின வாரமே ஆரம்பித்த வேலை. இப்போது மேல்பூச்சு முடிந்து சிமென்ட் ஈரமாகப் பளபளத்தது. கரடி உடம்பும் நீண்ட மூக்குமாக எங்கள் பிராணி பக்கத்தில் கயிற்றோடு சாய்ந்திருந்தது. கொல்லைக்குப் போனேன். மூட்டை இருந்த இடம் பெருக்கித் துடைத்தாற்போல் இருந்தது. கஸ்தூரி வெறும் கோணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். அவள் அழுது முடித்திருந்தாள் என்று முகத்தைப் பார்த்ததும் தெரிந்தது. “நான் சொல்லச் சொல்ல கேக்கல மேடம். குறுக்கப் படுத்துக்கூடப் பாத்தேன். தூக்கி உக்கார வெச்சிட்டாங்க” என்றாள்.

மேடைக்குள் நிரப்ப மண் பற்றவில்லையாம். வெளியில் லாரி மண் வாங்க வேண்டுமா என்று மேஸ்திரி கேட்க, நம்மிடமே மண் இருக்கிறதே என்று யாரோ கைகாட்டியிருக்கிறார்கள். சபேசன் கண்ணை மூடியபடி தலையாட்டியிருக்கிறார். நான் அவர் அறைக்குள் போய்க் கத்தினேன். என் பணிக்காலத்தில் நான் ஒரு மேலதிகாரியிடம் கத்தியது அந்த ஒரு தடவைதான். அவர் நிஜமாகவே திகைத்துப் போனார். “அதான் பல்லு கெடைச்சு, அவரும் சரின்னுட்டாரே. இன்னும் எதுக்கு மண்ணு?” என்று கேட்டார்.  மேடையை உடைத்து மண்ணை எடுத்துத் தாருங்கள் என்றேன். கண்ணை மூடினார். மேசையில் தாளம் விழுந்தது. “ஆகட்டும், பேஷாப் பண்ணலாம்” என்றார்.

நிபுணர் ஊர் திரும்பிய பிறகு மண்ணைப் பற்றி விசாரித்துக் கடிதம் எழுதினார். பத்திரமாக இருக்கிறது என்று பதில் போட்டோம். நான் வருடாவருடம் மேடையை உடைக்க அனுமதி கேட்டேன். புதிதாகக் கட்டியதை உடைக்கலாகாது என்றார்கள். பிறகு அதற்கும் வழியில்லாமல் போயிற்று. சந்து முனை ஆட்டோக்காரர்கள் பிள்ளையார் வாகனம் தனியாக நிற்கிறதே என்று முதலில் ஒரு பூ வைத்தார்கள். அப்புறம் அருகம்புல் வந்தது, விளக்கு வந்தது, சதுர்த்திக்குக் கொழுக்கட்டை வந்தது. பரீட்சைக்குப் போகும் பிள்ளைகள் சுற்றிவிட்டுப் போனார்கள். ஊகம் என்று நான் எழுதி வைக்கச் சொன்ன பலகை மேல் மஞ்சள் பூசிவிட்டார்கள். இனி அதில் கடப்பாரை வைக்கிற தைரியம் எந்த இயக்குநருக்கும் வராது. உள்ளே அதன் தாடையும் காதும் காலும் இருக்கலாம், இல்லாமலும் போகலாம். பார்க்க முடியாது.

கொட்டகை போய்க் கேன்டீன் வந்தது. பல் ஒரு பெட்டகத்தில் இருக்கிறது, அதைக் காட்டச் சொல்லி இதுவரை ஒருவரும் கேட்டதில்லை. கஸ்தூரியை அந்தக் கேன்டீனில் பாத்திரம் கழுவப் போட்டார்கள். நான் ஓய்வு பெற்ற அன்று சாயங்காலம் கழுத்தில் மாலையோடு கேட்டைத் தாண்டும்போது அவள் மேடைக்கு முன்னால் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தாள். இரண்டு பெண்கள் கற்பூரம் ஏற்றிக் கும்பிட்டுவிட்டு நகர்ந்தார்கள். நான் வாய்க்குள்ளேயே திட்டியது அவளுக்குக் கேட்டிருக்க வேண்டும்.

“வுடு மேடம். எல்லா கோயில்லயும் கல்லத்தான் கும்புடறாங்க. இதுல உள்ள நெசமாவே கீது” என்றாள்.

நான் செருப்பைக் கழற்றினேன்.